முதலாகிப்போன மொழி: ஆங்கிலத்துக்கு இவ்வளவு மதிப்பு எப்படி வந்தது?

பொள்ளாச்சி மாட்டுச் சந்தையில் விலை பேசுவதைப் பார்த்தவர்களுக்குத் தெரியும். தரகரும் வாங்க வந்தவரும் கையைக் கோத்துக்கொள்வார்கள். மேலே ஒரு துண்டைப் போட்டு மூடிவிடுவார்கள். அதற்குப் பிறகு துண்டுக்கு அடியில் விரல்கள்தான் பேசும். எந்த விரலைப் பிடிக்கிறார், எத்தனை விரலைச் சேர்த்து அழுத்துகிறார் என்பதில் தொகை இருக்கிறது. பாலக்காட்டிலிருந்து வந்தவர் மனசுக்குள் மலையாளத்தில் கணக்குப் போடுவார். கர்நாடகத்திலிருந்து மாடு ஏற்றிவந்தவர் கன்னடத்தில் போடுவார். தரகர் நம்மூர்த் தமிழில் போடுவார். விலை படிந்துவிடும்.

கொங்கு நாடு நெடுங்காலமாக இப்படித்தான் இருந்துவருகிறது. கோவையில் ஒரு தெருவில் தெலுங்கு பேசும் வீடுகள், அடுத்த தெருவில் கன்னடம் பேசும் நெசவாளர் வீடுகள், கடைவீதியில் உருது, சேலத்துப் பக்கம் சௌராஷ்டிரம், நீலகிரி ஏறினால் படுகர் பேச்சு, இருளர் பேச்சு. வீட்டில் ஒன்று, வெளியில் ஒன்று என்று பேசுவதை இங்கே யாரும் பெரிய திறமையாக நினைத்ததில்லை. சோமனூர்ப் பக்கம் கூலிக்கு விசைத்தறி ஓட்டிய என் அப்பாவுக்குத் தமிழும் தெலுங்கும் சரளம், கன்னடம் நன்றாகப் புரியும். "உங்களுக்கு எத்தனை பாஷை தெரியுமுங்கப்பா?" என்று ஒருநாள் கேட்டேன். "எனக்கென்ன பாஷை தெரியும் கண்ணு, நான் இங்கிலீஷ் படிக்கலையே" என்றார்.

மூன்று மொழி அறிந்த மனிதர் தன்னை மொழி தெரியாதவர் என்று சொல்கிறார். அடக்கத்துக்காகச் சொல்லவில்லை, உண்மையாகவே அப்படி நம்பினார். ஆங்கிலேயர் ஆண்டுவிட்டுப் போன பல நாடுகளில், பல மொழி பேசும் மக்களிடம் இதே நம்பிக்கை இருக்கிறது. அது எப்படி உள்ளே புகுந்தது என்பதைப் புரிந்துகொள்ளச் சமூகவியலில் ஒரு நல்ல கருவி உண்டு. அதன் பெயர் மொழி மூலதனம்.

முதல் என்றால் என்ன?

கொங்கு நாட்டில் 'முதல்' என்ற சொல்லை யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. நான்கு தறி போடவும் முதல் வேண்டும், கோழிப்பண்ணை வைக்கவும் முதல் வேண்டும். முதல் இருந்தால் அது இன்னொன்றைக் கொண்டுவரும். பணம் மட்டும்தான் முதலா? நல்ல பெயர் இருந்தால் கடனுக்கு நூல் கிடைக்கும், எனவே பெயரும் முதல். நாலு பேரைத் தெரிந்திருந்தால் காரியம் நடக்கும், எனவே பழக்கமும் முதல். பேசும் மொழியும் இதே மாதிரி ஒரு முதல்தான் என்று சொன்னவர் பிரெஞ்சுச் சமூகவியலாளர் பியர் பூர்தியு.

அவர் பெரிய நகரத்தில் பிறந்தவரல்லர். பிரான்சின் தென்மேற்கு மூலையில் பெயார்ன் என்ற பகுதியில் ஒரு கிராமத்தில், தபால் ஊழியர் ஒருவரின் மகனாக 1930இல் பிறந்தார். அந்தப் பகுதிக்குத் தனிப் பேச்சு உண்டு. அதைப் பேசி வளர்ந்தவர்கள் பள்ளிக்குப் போனால் பாரிஸ் பிரெஞ்சு பேச வேண்டும். இரண்டு மொழிக்கும் நடுவில் வளர்ந்த ஒரு பையனால்தான் இதை இவ்வளவு கூர்மையாகப் பார்த்திருக்க முடியும் என்று எனக்குத் தோன்றும்.

அவர் சொன்னதைச் சுருக்கினால் இவ்வளவுதான். ஒரு மொழியின் விலை அந்த மொழிக்குள் இல்லை. இலக்கணம், இனிமை, பழமை எதுவும் விலையைத் தீர்மானிப்பதில்லை. சந்தைதான் தீர்மானிக்கிறது. பள்ளிக்கூடம் ஒரு சந்தை, வேலைக்கான நேர்காணல் ஒரு சந்தை, நீதிமன்றம் ஒரு சந்தை, கல்யாணப் பேச்சும் ஒரு சந்தை. நீங்கள் கொண்டுபோகும் மொழி அங்கே செல்லும் காசா, செல்லாக்காசா என்று அந்தந்தச் சந்தை சொல்லிவிடும்.

இன்னொன்றையும் அவர் கவனித்தார், அது இன்னும் முக்கியமானது. பணம் பரம்பரையாக வந்தால் எல்லோருக்கும் தெரிந்துவிடும். 'அப்பன் சேர்த்த சொத்து' என்பார்கள். மொழி பரம்பரையாக வந்தால் தெரியாது. ஆங்கிலம் பேசும் வீட்டில் பிறந்த குழந்தை ஆங்கிலம் பேசினால் 'கெட்டிக்காரக் குழந்தை' என்போம். சொத்து அறிவாக மாறுவேடம் போட்டுக்கொள்கிறது.

பூர்தியு ஒரு நிகழ்ச்சியை எடுத்துக்காட்டுவார். 1974இல் பெயார்னின் தலைநகரான போ நகரில், அந்தப் பகுதியின் மொழியில் எழுதிய ஒரு கவிஞரைப் போற்ற ஒரு விழா நடந்தது. நகர மேயர் உள்ளூர் மொழியிலேயே பேசினார். கூட்டம் நெகிழ்ந்துபோனது என்று செய்தித்தாள் எழுதியது. பூர்தியு கேட்ட கேள்வி இது: உள்ளூர்க் கூட்டத்தில் உள்ளூர்க்காரர் உள்ளூர் மொழி பேசியதில் நெகிழ என்ன இருக்கிறது? அதே மொழியை ஒரு விவசாயி பேசினால் யாராவது கைதட்டுவார்களா? மேயருக்கு உயர்ந்த பிரெஞ்சும் தெரியும் என்று எல்லோருக்கும் தெரிந்திருப்பதால்தான் அவர் 'இறங்கிவந்து' பேசியது பெருமையானது.

இதைப் படித்தபோது எனக்குக் கல்லூரி ஆண்டுவிழா மேடைகள்தான் கண்முன் வந்தன. வெளிநாட்டில் படித்துவந்த தொழிலதிபர் ஒலிபெருக்கியைப் பிடித்து "ஏனுங்க, எல்லாரும் நல்லா இருக்கறீங்களா?" என்று கேட்டதும் அரங்கம் அதிரும். அதே அரங்கத்தில் பின்வரிசையில் உட்கார்ந்திருக்கும் ஒரு மாணவனின் தாயார், "ஏனுங்க" என்று ஆரம்பித்துத் துறைத் தலைவரிடம் ஏதோ கேட்க வேண்டும். கேட்கத் தயங்கி மகனை முன்னே தள்ளிவிடுவார். சொல் ஒன்றுதான். கையிருப்பு வேறு.

இது எப்படிச் செல்லும் காசானது?

ஆட்சியின் மொழி வேறு, ஊரின் மொழி வேறு என்பது கொங்கு நாட்டுக்குப் புதிதல்ல. மைசூர் ஆட்சியில் கன்னடமும் திப்பு காலத்தில் பாரசீகமும் அலுவல்களில் புழங்கின. 1799இல் திப்பு வீழ்ந்ததும் கோவைப் பகுதி கிழக்கிந்தியக் கம்பெனியின் கைக்குப் போனது. கோவைக் கலெக்டராக இருந்த ஜான் சல்லிவன் 1819இல் நீலகிரி ஏறி, பின்னாளில் உதகையை வெள்ளையரின் ஊராக ஆக்கினார். இவையெல்லாம் மேல்மட்டத்து மாற்றங்கள். ஆட்சியாளரின் மொழி மாறியதால் மட்டும் உழவன் வீட்டில் எதுவும் மாறிவிடவில்லை.

மாற்றியவை இரண்டு முடிவுகள். 1835இல் மெக்காலே எழுதிய கல்விக் குறிப்பு எல்லோருக்கும் தெரியும். ஆள்பவர்களுக்கும் ஆளப்படுபவர்களுக்கும் நடுவில் நின்று பெயர்த்துச் சொல்லும் ஒரு வகுப்பை உருவாக்க வேண்டும் என்றார். ஆனால் 1844இல் கவர்னர் ஜெனரல் ஹார்டிங் எடுத்த முடிவைப் பற்றி நாம் அதிகம் பேசுவதில்லை. அரசு வேலைகளுக்கு ஆங்கிலக் கல்வி பெற்றவர்களுக்கு முன்னுரிமை என்று அவர் அறிவித்தார். என்னைக் கேட்டால், மெக்காலேவைவிட இதுதான் பெரிய திருப்பம். ஒரு மொழியைப் பள்ளியில் கற்பிப்பது அதற்கு மரியாதை தரும். வேலைவாய்ப்பின் வாசலில் அதை நிறுத்துவது அதை முதலாக்கிவிடும். சென்னைப் பல்கலைக்கழகம் 1857இல் வந்தது. கோவையில் ஆங்கிலேயத் தொழிலதிபர் ராபர்ட் ஸ்டேன்ஸ் 1862இல் பள்ளி தொடங்கினார். ஆலைகள் வந்தன, கணக்கர் வேலை வந்தது, ரயில்வே வந்தது. வாசல்கள் கூடக்கூட ஆங்கிலத்தின் விலையும் ஏறியது.

விடுதலைக்குப் பிறகு இறங்கியிருக்க வேண்டும் அல்லவா? இங்கேதான் தமிழ்நாட்டின் கதை தனியாகப் பிரிகிறது. அரசியல் சட்டம் ஆங்கிலத்துக்குப் பதினைந்து ஆண்டு தவணை கொடுத்து, 1965 ஜனவரி 26 முதல் இந்தியே மத்திய அரசின் ஆட்சிமொழி என்று வைத்திருந்தது. அந்த நாளையொட்டி வெடித்த போராட்டத்தில் பொள்ளாச்சியில் துப்பாக்கிச் சூடு நடந்தது, உயிர்கள் போயின. 1967இல் ஆட்சிமொழிச் சட்டம் திருத்தப்பட்டு ஆங்கிலம் தொடர வழி செய்யப்பட்டது. 1968இல் தமிழ்நாடு தமிழ், ஆங்கிலம் என்ற இருமொழிக் கொள்கைக்கு வந்தது. ஆக, வேறு பல நாடுகளில் ஆள வந்தவர்களின் மொழியாக மட்டும் பார்க்கப்பட்ட ஆங்கிலம், நமக்கு இன்னொரு திணிப்பைத் தடுக்கும் கேடயமாகவும் ஆனது. ஈரோட்டில் பிறந்த பெரியாரை எடுத்துக்கொள்ளுங்கள். வீட்டு மொழி கன்னடம், பொதுவாழ்வு முழுக்கத் தமிழ், இந்தித் திணிப்புக்கு எதிராகச் சிறை. அவரே ஆங்கிலத்தை அறிவியலுக்கும் பகுத்தறிவுக்கும் திறந்த வாசலாக வரவேற்றவர். ஆங்கிலம் அடிமைத்தனமா விடுதலையா என்று ஒற்றை வரியில் கேட்பவர்களுக்கு இந்த ஊரில் ஒற்றை வரிப் பதில் கிடைக்காது.

2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் ஆங்கிலத்தைத் தாய்மொழியாகச் சொன்ன இந்தியர்கள் சுமார் 2.6 லட்சம் பேர்தான். இரண்டாவது, மூன்றாவது மொழியாகத் தெரிந்தவர்களைச் சேர்த்தாலும் நாட்டில் ஏறக்குறைய பத்தில் ஒருவர். ஆனாலும் உயர் நீதிமன்றத்தின் மொழி ஆங்கிலம். தாராபுரத்து விவசாயியின் வரப்புத் தகராறு மேல்முறையீட்டில் சென்னைக்குப் போனால், அவருடைய தமிழ்ப் பத்திரங்களெல்லாம் ஆங்கிலத்துக்குப் போகும். தன் நிலத்தைப் பற்றி அங்கே என்ன வாதம் நடக்கிறது என்று அவருக்கே இன்னொருவர் சொல்ல வேண்டும்.

என் இயற்பியல் செல்லாமல் போன கதை

சரி, இதெல்லாம் ஒரு மனிதனுக்குள் எப்படி நடக்கிறது? எனக்கு நடந்ததைச் சொல்கிறேன்.

பன்னிரண்டாம் வகுப்புவரை அரசுப் பள்ளியில், தமிழ்வழியில் படித்தேன். இயற்பியல் என்றால் உயிர். முடுக்கம், உந்தம், திருப்புவிசை, வகைக்கெழு, அணிக்கோவை என்று ஒவ்வொரு சொல்லும் எனக்குள் ஒரு படமாக இருந்தது. உந்தம் என்றால் உந்தித்தள்ளுவது, முடுக்கம் என்றால் முடுக்கிவிடுவது. சொல்லே பாதியைச் சொல்லிக்கொடுத்துவிடும். நல்ல மதிப்பெண் வாங்கிக் கோவையில் ஒரு பொறியியல் கல்லூரியில் சேர்ந்தேன்.

முதல் வாரம் எந்திரவியல் வகுப்பு. ஆசிரியர் 'மொமன்ட்டம்' என்றார், 'ஆக்சிலரேஷன்' என்றார், 'டிரைவேட்டிவ்' என்றார். அடுத்தவன் நோட்டைப் பார்த்துப் பார்த்து எழுதினேன். எனக்குத் தெரிந்த பாடம்தான் நடக்கிறது என்பதே இரண்டு வாரம் கழித்துத்தான் தெரிந்தது. 'மொமன்ட்டம்' எனக்கு நன்றாகத் தெரிந்த உந்தம் என்று தெரிந்த அன்று, விடுதி அறையில் உட்கார்ந்து அழுதேன். கேள்வி கேட்க வாய் வராது. கேள்வி தெரியும், அதற்கான வாக்கியம் கிடையாது. அறைத்தோழன் மலைமேல் ஓர் ஆங்கிலப் பள்ளியில் படித்தவன், நல்லவன். அவனுக்குச் சந்தேகம் வந்தால் இரவில் நான்தான் தமிழில் விளக்குவேன். காலையில் அவன் வகுப்பில் எழுந்து பதில் சொல்வான். "நீ கொஞ்சம் ஸ்லோ, பரவாயில்லை, பிக்கப் ஆகிவிடும்" என்று ஒரு விரிவுரையாளர் என்னிடம் அன்பாகத்தான் சொன்னார். முதல் பருவத்தில் மூன்று அரியர்.

என் இயற்பியல் அழியவில்லை. ஒரே நாளில் செல்லாத நோட்டாகிவிட்டது, அவ்வளவுதான். அடுத்த ஆறு மாதம் நான் உட்கார்ந்து படித்ததை இயற்பியல் என்று சொல்ல மாட்டேன். இருக்கிற காசை வேறு நாணயத்துக்கு மாற்றிக்கொண்டிருந்தேன். அந்த ஆறு மாதத்தில் அவன் புதிதாக ஆறு மாதப் பாடம் படித்தான். முதல் இருப்பவனுக்கு வட்டி சேர்வதும், இல்லாதவன் கடனை அடைத்துக்கொண்டே இருப்பதும் மொழியில் இப்படித்தான் நடக்கிறது. எல்லாவற்றையும்விட, நான் மெதுவானவன் என்று நானே நம்பத் தொடங்கினேன். சந்தை போட்ட விலையை விற்பவனே தன் தகுதி என்று எடுத்துக்கொள்வதை பூர்தியு குறியீட்டு வன்முறை என்று அழைத்தார். யாரும் அடிக்கவில்லை, திட்டவும் இல்லை. ஆனாலும் ஒருவன் குறுகிப்போகிறான்.

கொங்குப் பிள்ளைக்கு இரண்டு படி

ஆங்கிலம் மேலே, தமிழ் கீழே என்று இரண்டு தட்டாக மட்டும் பார்த்தால் நம் ஊர் நிலைமை முழுதாகப் புரியாது. தமிழுக்குள்ளேயே எழுத்துத் தமிழ் வேறு, பேச்சுத் தமிழ் வேறு. ஒரே சமூகம் ஒரு வடிவத்தை உயர்ந்த இடங்களுக்கும் இன்னொன்றை வீட்டுக்கும் வைத்துக்கொள்வதை மொழியியலில் இரட்டை வழக்கு என்பார்கள். சார்லஸ் பெர்குசன் 1959இல் இதை விளக்கி எழுதினார். அதில் அவர் எடுத்தவை ஒரே மொழியின் இரண்டு வடிவங்கள். 1967இல் ஜோஷுவா பிஷ்மன் அதை நீட்டி, இரண்டு வேறு மொழிகளுக்கு நடுவிலும் இந்தப் பாகப்பிரிவினை நடக்கும் என்றார். கொங்கு நாட்டுப் பிள்ளைக்கு இரண்டும் ஒருசேர நடக்கிறது. வீட்டில் "ஒறம்பரை வந்திருக்காங்க, நோம்பிக்குத் தாட்டி விடறோம்" என்று பேசும் பிள்ளை, பள்ளிக்குப் போனதும் 'உறவினர்', 'பண்டிகை', 'அனுப்பிவைக்கிறோம்' என்ற முதல் படி ஏறுகிறது. அதற்கு மேலே ஆங்கிலம் என்ற இரண்டாவது படி. இரண்டு படிக்குக் கீழே நிற்பதால், தன் வீட்டுப் பேச்சுக்காக இரண்டு தடவை வெட்கப்படக் கற்றுக்கொள்கிறது.

அந்த வெட்கத்தில் என்ன போகிறது என்று யோசித்திருக்கிறீர்களா? அப்பாவின் அப்பா அப்பாரு. அம்மாவின் அப்பா அப்புச்சி, அம்மாவின் அம்மா அமுச்சி. கணவனின் அண்ணன் மச்சாண்டார், தம்பி கொழுந்தனார். ஒவ்வொரு சொல்லும் நீ யார், உனக்கு என்ன உரிமை, யாரிடம் எப்படி நடக்க வேண்டும் என்று சொல்லிவிடும். இப்போது பக்கத்துவீட்டுக்காரரும் அங்கிள், அப்பாவின் நண்பரும் அங்கிள், தாய்மாமனும் சில வீடுகளில் அங்கிள். ஆசாரம் ஹால் ஆகிவிட்டது, பொடக்காலி பேக்சைடு ஆகிவிட்டது. வீட்டின் அமைப்பு மாறும்போது பெயர் மாறுவது இயல்புதான். ஓடு வேய்ந்த வீடே போன பிறகு அட்டாலி என்ற பரண் எங்கிருந்து வரும்? ஆனால் தாய்மாமன் போய்விடவில்லையே. சீர் செய்யவும் காது குத்த மடியில் உட்காரவைக்கவும் இன்றைக்கும் அவர்தான் வர வேண்டும். உறவு இருக்கும்போதே அதன் பெயர் மட்டும் தேய்வது எனக்கு வலிக்கிறது.

ஆங்கிலச் சொல் தெரிந்தால் ஆங்கிலம் தெரிந்ததாகுமா?

திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனிக்குள் போய்ப் பாருங்கள். பனியன் என்ற சொல்லே உலகம் சுற்றி வந்தது. குஜராத்தி வணிகர்களைக் குறித்த 'வாணியோ' போர்த்துக்கீசியர் வழியாக ஆங்கிலத்துக்குப் போய், அவர்கள் அணிந்த மாதிரியான தளர்ந்த உடைக்குப் பெயராகி, கடைசியில் உள்சட்டையாகி நம்மிடம் வந்தது. கட்டிங், ஓவர்லாக், பிளாட்லாக், பவர்டேபிள், செக்கிங், அயர்னிங், பீஸ்ரேட், ஷிப்ட், ஜாப் ஒர்க், ஷிப்மென்ட் என்று தரையில் நின்று வேலை செய்யும் தொழிலாளி ஒருநாளில் எத்தனை ஆங்கிலச் சொற்களைப் புழங்குகிறார்! பக்கத்தில் துணி மடித்துக்கொடுக்கும் கைமடிப் பெண்ணுக்கும் இவை அத்தனையும் அத்துப்படி. ஆனால் இருவரும் 'இங்கிலீஷ் தெரியாதவர்கள்' என்ற கணக்கில்தான் வருவார்கள்.

கண்ணாடி அறைக்குள் உட்கார்ந்து, சரக்கு வாங்கும் வெளிநாட்டுப் பையருக்கு மின்னஞ்சல் எழுதி ஆர்டரைக் கவனிக்கும் மெர்ச்சண்டைசர்தான் 'இங்கிலீஷ் தெரிந்தவர்'. ஆரம்பநிலையில் இருப்பவர்கள் அடிக்கடி குழம்பும் இடம் இது. ஆங்கிலச் சொற்கள் தமிழில் கலப்பது ஒரு விஷயம். ஆங்கிலம் முதலாக இருப்பது வேறொரு விஷயம். சொற்கள் எல்லோருக்கும் இலவசமாகக் கிடைக்கின்றன. பிழையில்லாத வாக்கியம், ஒப்பந்தத்தைப் படித்து மறுக்கும் திறன், நேர்காணலில் கண்ணைப் பார்த்துப் பதில் சொல்லும் உச்சரிப்பு, இவற்றுக்குத்தான் விலை. தையல்காரர் ஓவர்லாக் என்று சொல்வதால் தமிழ் அழிகிறது என்று வருத்தப்படுவதை நான் விட்டுவிட்டேன். தச்சு வேலைக்கு வந்த மேஸ்திரியும் போர்த்துக்கீசியச் சொல்தான். தமிழ் அவரைத் தன்னுடையவராக்கிக்கொண்டது. நான் வருத்தப்படுவது, தன் ஊதியக் கணக்கு எழுதிய தாளை அந்தத் தையல்காரரால் படிக்க முடியாமல் இருப்பதற்கு.

இப்போது அதே கூடத்தில் ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் வந்தவர்கள் தைக்கிறார்கள். சூப்பர்வைசர் இந்தி கற்றுக்கொள்கிறார், அவர்கள் தமிழ் கற்றுக்கொள்கிறார்கள். போராட்டக் காலத்தில் துப்பாக்கியைச் சந்தித்த மண்ணில், வேலைத்தளத்தில் யாரும் திணிக்காமல் இந்தி புழங்குகிறது. ஒரு டி-ஷர்ட்டுக்குள் நாலு மொழி இருக்கிறது. ஆனால் லேபிளில் ஒன்றுதான்.

மரியாதைக்கு இன்னொரு பக்கம்

கொங்குப் பேச்சின் 'ங்க' எவ்வளவு இனிமை என்று வெளியூர்க்காரர்கள் சொல்லும்போது நமக்குப் பெருமையாக இருக்கும். எனக்கும்தான். ஆனால் அந்த 'ங்க' இரண்டு பக்கமும் ஒரே மாதிரி போனதா என்று கேட்டுப் பார்க்க வேண்டும். தோட்டத்தில் வேலை செய்த வயதான தொழிலாளி, பண்ணைக்காரர் வீட்டுப் பத்து வயதுப் பையனை 'வாங்க, போங்க' என்பார். அந்தப் பையன் அவரை 'வாடா, போடா' என்பான். நானே இதைக் கண்ணால் பார்த்திருக்கிறேன். சாதியின் ஏணி மொழிக்குள்ளேயே படிப்படியாகக் கட்டப்பட்டிருந்தது.

ஆங்கிலத்தில் 'யூ' எல்லோருக்கும் ஒன்றுதான். அந்த ஒற்றைச் சொல்லின் காற்றை ஒடுக்கப்பட்டவர்கள் முன்பே உணர்ந்திருக்கிறார்கள். மராட்டியத்தில் பெண் கல்விக்குப் பாடுபட்ட சாவித்திரிபாய் பூலே 19ஆம் நூற்றாண்டிலேயே ஆங்கிலம் கற்கச் சொல்லிக் கவிதை எழுதினார். கறவை மாட்டை விற்று மகளை 'கான்வென்ட்'டில் சேர்க்கும் ஒரு தோட்டத் தொழிலாளியிடம் போய், 'தாய்மொழிக் கல்விதான் சிறந்தது' என்று நாம் பாடம் எடுத்தால், அவர் பேசாமல் கேட்டுக்கொள்வார். மனசுக்குள் "உங்க பிள்ளை எங்கே படிக்குதுங்க?" என்று கேட்பார். அந்தக் கேள்வி நியாயமானது. முதல் உள்ளவர்கள் மற்றவர்களைப் பார்த்து முதல் வேண்டாம் என்று சொல்லக்கூடாது.

ஆனால் அந்தக் குழந்தைக்கு உண்மையில் என்ன கிடைக்கிறது என்பதையும் பார்க்க வேண்டும். பெயர் ஆங்கிலவழி, பாடத்தை மனப்பாடம் செய்து எழுதுவது, வீட்டில் உதவ யாரும் இல்லை. இப்படிப் பல பள்ளிகளில் இரண்டு மொழியிலும் தடுமாறும் பிள்ளைகளைப் பார்க்கிறோம். தாய் தந்தை கொடுத்தது மாட்டின் விலை. பிள்ளைக்குக் கிடைத்தது சீருடையும் கழுத்துப் பட்டையும்.

மற்ற ஊர்களில்

கென்ய எழுத்தாளர் கூகி வா தியாங்கோ சிறுவனாக இருந்தபோது, பள்ளியில் தன் தாய்மொழியான கிக்குயு பேசிப் பிடிபட்டால் பிரம்படி விழும், இழிவுபடுத்தும் வாசகம் எழுதிய தகட்டைக் கழுத்தில் மாட்டிவிடுவார்கள். தமிழில் பேசினால் அபராதம் கட்டவைத்த பள்ளிகளில் படித்தவர்களுக்கு இது அந்நியமாகத் தோன்றாது. ஆங்கிலத்தில் புகழ்பெற்ற கூகி, 1977இல் கிராம மக்களோடு சேர்ந்து கிக்குயுவில் நாடகம் போட்டார். ஆங்கிலத்தில் எழுதியவரை விட்டுவைத்திருந்த அரசு, மக்கள் மொழிக்கு வந்ததும் சிறையில் அடைத்தது. நைஜீரியாவின் சினுவா அச்செபே வேறு வழி எடுத்தார். ஆங்கிலம் நமக்குக் கிடைத்துவிட்டது, அதை நம் அனுபவத்தைச் சுமக்கும்படி வளைப்போம் என்றார். இருவர் பக்கமும் நியாயம் இருக்கிறது.

இலங்கையைப் பற்றி ஒன்று சொல்லியே ஆக வேண்டும். ஆங்கிலத்தின் இடத்தில் சிங்களமும் தமிழும் வர வேண்டும் என்றுதான் அங்கே முதலில் குரல் எழுந்தது. 1956இல் சட்டமாக வந்ததோ சிங்களம் மட்டும். ஆங்கிலத்தை இறக்கினால் தானாகச் சமத்துவம் வந்துவிடும் என்று நினைப்பவர்கள், அதற்குப் பிறகு நடந்ததை நினைத்துப் பார்க்க வேண்டும். சிங்கப்பூரில் தமிழுக்கு ஆட்சிமொழித் தகுதி இருக்கிறது. ஆனாலும் 2020 கணக்கெடுப்பில் அங்கே பாதிக்குச் சற்றுக் குறைவானவர்கள், 48.3 விழுக்காடு, வீட்டில் அதிகம் பேசுவது ஆங்கிலம் என்றார்கள். சட்டத்தில் இடம் கிடைப்பது வேறு, சந்தையில் இடம் கிடைப்பது வேறு.

விலை மாறுமா?

மாறும். சந்தையின் விதி மாறினால் விலை மாறும். 2010 ஜூனில் கோவையில் உலகத் தமிழ்ச் செம்மொழி மாநாடு நடந்தது நினைவிருக்கும். ஊரே திருவிழாக் கோலம். ஆனால் அதே ஆண்டு நடந்த இரண்டு விஷயங்களைத்தான் நான் கூர்ந்து கவனிப்பேன். தமிழ்வழியில் படித்தவர்களுக்கு மாநில அரசுப் பணிகளில் 20 விழுக்காடு முன்னுரிமை தரும் சட்டம் வந்தது. 1844இல் ஹார்டிங் செய்ததன் நேர் எதிர்ப்பக்கம் இது, வேலையின் வாசலில் தமிழை நிறுத்தியது. உடனே தமிழ்வழிச் சான்றிதழைத் தேடி ஆட்கள் பள்ளிகளுக்கு அலைந்தார்கள். மற்றது, அண்ணா பல்கலைக்கழகம் கட்டடவியலையும் எந்திரவியலையும் தமிழில் கற்பிக்கத் தொடங்கியது. என்னைப் போன்றவர்கள் கனவு கண்ட விஷயம். அதில் சேர்ந்தவர்கள் எதிர்பார்த்த அளவுக்கு வரவில்லை. படிப்பு தமிழுக்கு வந்தது, வளாக நேர்காணல் ஆங்கிலத்திலேயே இருந்தது. ஒரு வாசல் திறந்து அடுத்த வாசல் மூடியிருந்தால் யார் உள்ளே வருவார்கள்?

அப்புறம், விலை ஏறியிருக்கும் ஆங்கிலத்தை நம் ஜனங்கள் என்ன செய்கிறார்கள் என்பதையும் பார்க்க வேண்டும். என் அக்கா மகள் திருப்பூரில் மெர்ச்சண்டைசர். தீபாவளிக்கு ஊருக்கு வந்தவள், என் அம்மா வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து மடிக்கணினியில் பையரோடு பேசிக்கொண்டிருந்தாள். வேகமான, தெளிவான ஆங்கிலம். நடுவில் கம்பெனியிலிருந்து போன். சூப்பர்வைசரிடம், "சாம்பிள் ரிஜெக்ட் ஆயிருச்சுங்கண்ணா, லேபிள் மாத்தித் தாட்டி விட்ருங்க" என்றாள். அவர் ஏதோ சொன்னார். "ஓகேங்க, தேங்க்ஸுங்க" என்று வைத்தாள். ஆங்கிலத்தில் மரியாதைக்கு இடமில்லை என்று யாரும் அவளுக்குச் சொல்லவில்லை போலும். இடம் இல்லாத இடத்தில் தன் ஊரின் 'ங்க'வை ஒட்டவைத்துக்கொண்டாள். அந்தச் சூப்பர்வைசர் எந்த ஊர், என்ன சாதி என்று அவளுக்குத் தெரியாது. எல்லோருக்கும் அவளிடம் ஒரே 'ங்க'தான்.

உள்ளேயிருந்து என் அம்மா கூப்பிட்டார். "மீட்டிங் முடிஞ்சுதுங்க அமுச்சி, சோறு போடுங்க" என்று சொல்லிக்கொண்டே எழுந்து போனாள்.